வெள்ளியங்கிரியில் ஓர் இரவு

வெள்ளியங்கிரியின் ஏழு மலைகளில் ஆளைச் சோதிப்பது கடைசி மலைதான் என்பார்கள். என்னைக் கேட்டால் முதல் மலை. பூண்டி அடிவாரத்தில் மூங்கில் தடியோடு கிளம்பினால், மூச்சு பழகுவதற்குள் செங்குத்தான கல்படிகள் வந்துவிடும்.

மார்ச் கடைசி. ஆடிட்டர் ஆபீஸில் வேலை பார்ப்பவர்களுக்கு அந்த மாதம் எப்படிப் போகும் என்று சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் மருதமலைப் படியேறும் பயிற்சியை நான் விடவில்லை. ஆரம்பத்தில் அங்கே 170-ஐத் தொட்ட இதயத்துடிப்பு, சில மாதங்களில் 150-க்கு இறங்கியிருந்தது. ஒவ்வொரு துடிப்புக்கும் இதயம் கூடுதல் ரத்தம் அனுப்பப் பழகிவிட்டால் அப்படித்தான்.

அன்றிரவும் முதல் மலையில் வாட்ச் 150-தான் காட்டியது. பிப்ரவரியில் வந்தபோதும் அதேதான், ஆனால் அப்போது கதை பேசிக்கொண்டே ஏறினேன். இப்போது தொடை கனத்தது, எப்போதடா வெள்ளை விநாயகர் கோயில் வரும் என்றிருந்தது.

சுவீடன் உளவியலாளர் குன்னர் போர்க், உழைப்பை நாம் எவ்வளவாக உணர்கிறோம் என்பதற்கு 6 முதல் 20 வரை ஓர் அளவுகோல் வகுத்தார். எண்ணைப் பத்தால் பெருக்கினால் ஏறத்தாழ இதயத்துடிப்பு வரும். அந்தக் கணக்கில் நான் 15 சொல்லியிருக்க வேண்டும். பிப்ரவரியில் 13, அன்று 17! மூளை களைத்திருந்தால் உடல் உழைப்பு கூடுதல் கஷ்டமாகத் தெரியுமா என்று உடற்பயிற்சி ஆய்வாளர் சாமுவேல் மார்கோராவின் குழு 2009-ல் சோதித்தது. 90 நிமிடம் மூளையைக் கசக்கும் வேலை கொடுத்துவிட்டு சைக்கிள் மிதிக்கவைத்தபோது, இதயமும் தசையும் வழக்கம்போலத்தான் இயங்கின. ஆனால் மிதிப்பது அதிகக் கஷ்டமாகத் தெரிந்து, சீக்கிரமே நிறுத்திவிட்டார்கள்.

அப்புறம் பொள்ளாச்சிப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் வெறுங்காலோடு கூட வந்தார். "ஏனுங் தம்பி, இப்படி மூச்சு வாங்குறீங்க?" என்று ஆரம்பித்தவர், தேங்காய் விலை, பேத்தி கல்யாணம் என்று நீட்டிக்கொண்டே போனார். பாம்பாட்டிச் சுனை வந்ததே தெரியவில்லை. அவர் ஆபீஸைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை, புண்ணியவான்.

ஏழாவது மலையில், பேச்சில் கஷ்டத்தை மறக்கும் அந்த வித்தை பலிக்கவில்லை. ஏற்றம் கடுமையானால் கவனத்தை மூச்சே இழுத்துக்கொள்கிறது, பெரியவரும் அங்கே "சிவ சிவா" மட்டும்தான். இறக்கத்திலோ முட்டிக்கு மேலே தசை நடுங்கியது. மருதமலையில் ஏறிவிட்டு பஸ்ஸில் இறங்கும் காலுக்கு இறக்கம் பழக்கமில்லை. இப்போது அங்கே படியிலேயே இறங்குகிறேன்.