ஒரே தொண்டை

மரப்பொம்மை கண்ணை உருட்டியது. செல்போனும் கையுமாக நின்றுவிட்டேன். அடுப்பில் பால் பொங்கிவிட்டது.

ஸ்பேய்பல் அப்பா, ஹுர்வீனெக் மகன். செக் நாட்டுப் பொம்மைகள்.

அப்பாவுக்குக் கட்டைக் குரல், மகனுக்குக் கீச்சுக் குரல். இரண்டும் ஒரே ஆளின் தொண்டையிலிருந்து!

அந்த ஆள் யோசெஃப் ஸ்குபா, பில்சன் நகரத்துக் கலைஞர். 1920இல் அப்பாவை மேடையேற்றினார், 1926இல் மகனை. 1944இல் நாஜிகள் பிடித்துச் சிறையில் போட்டார்கள். மறு வருடம், அவர் அடைபட்டிருந்த ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் குண்டுமழை. எரியும் சிறையிலிருந்து தப்பினார். போர் முடிந்ததும் பிராகில் மறுபடி அதே பொம்மைகள்.

1957இல் ஸ்குபா இறந்தார். இரண்டு குரலும் மிலோஷ் கிர்ஷ்னருக்குப் போயின, அவருக்குப் பின் மார்ட்டின் கிளாசெக்குக்கு.

வீடு வாசலை எழுதிவைக்கலாம். குரலை எப்படி எழுதிவைப்பது?

சரி, நானும் கட்டைக் குரலில் ஒரு வரி பேசிப் பார்த்தேன்.

பூனை எழுந்து போய்விட்டது.