துளங்கிக்கு எடை கிடையாது

எழுதிக்கொண்டிருக்கும் மிகுபுனைவு நாவலுக்காக நான் படைத்த உயிர்களில் என் நேரத்தை அதிகம் விழுங்கியது, உடலே இல்லாத ஒன்றுதான். அதன் பெயர் துளங்கி. ஆறுகள் பல கடலைச் சேர வழியின்றித் தேங்கி நிற்கும் கோரைநாட்டுச் சதுப்பில், நீர்மட்டத்துக்கு மேலே ஒரு சாண் உயரத்தில், நீலமும் ஊதாவும் கலந்த வெளிச்சமாக அது இரவில் உலவுகிறது.

சிறகும் வாலும் உள்ள விலங்கைப் படைப்பது எளிது. அதன் உடலே அதற்கு எல்லை வகுத்துவிடும். ஆவியின் நிலை வேறு. சுவரை ஊடுருவும், நினைத்த இடத்தில் தோன்றும், எதற்கும் சாகாது என்று எழுதிவிட்டால், அதன்பின் கதையில் எதுவுமே நடக்க வேண்டிய அவசியம் இல்லாமல் போய்விடுகிறது. நம் பழைய கவிஞர்கள் இதில் மிகக் கறாரானவர்கள். நளவெண்பாவில் தேவர்கள் நளனின் உருவத்தையே எடுத்து வந்து சுயம்வர மண்டபத்தில் அமர்ந்தாலும், அவர்களுக்குக் கண் இமைப்பதில்லை, கால் தரையில் படிவதில்லை, கழுத்து மாலை வாடுவதில்லை. தமயந்தி உண்மையான நளனைக் கண்டுகொள்வது இந்த இயலாமைகளை வைத்துத்தான். கலிங்கத்துப்பரணியின் பேய்களோ பசியில் வற்றி, காளியிடம் முறையிட்டுக்கொண்டு கிடக்கின்றன. போர் முடிந்து களத்தில் கூழ் அடும்வரை அவற்றுக்கு விடிவு கிடையாது. பசிக்கின்ற பேயைத்தான் நம்ப முடிகிறது என்பது என் கருத்து.

துளங்கிக்கு மூலம் கொள்ளிவாய்ப் பிசாசு. வங்காளத்துச் சதுப்புகளில் ஆலேயா என்றும், குஜராத்தின் கச்சிலுள்ள பன்னி என்னும் புல்வெளியில் சிர் பத்தி என்றும் சொல்லப்படுவது இதே வகை வெளிச்சம்தான். இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியில் அதற்கு விளக்கு மனிதன் என்று பெயர். சீழ்க்கை அடித்தால் அது தேடி வந்துவிடும், அப்போது சேற்றில் குப்புறப் படுத்து மூச்சை அடக்கிக்கொள்ள வேண்டும் என்று அங்கே சொல்லிவைத்திருக்கிறார்கள். இத்தாலியின் மஜ்ஜோரே ஏரியில், அடிச்சேற்றைக் கிளறி, மேலெழுந்த குமிழிகளைப் பிடித்து 1776இல் இயற்பியலாளர் வோல்ட்டா ஆராய்ந்த வாயு மீத்தேன். சதுப்பு வெளிச்சம் இந்த வாயு எரிவதுதான் என்பது வழக்கமான விளக்கம். ஆனால் மீத்தேன் தானாகப் பற்றிக்கொள்ளாது. அதற்குச் சுமார் 540 டிகிரி செல்சியஸ் வெப்பம் வேண்டும். ஆகவே காற்றுப் பட்டதுமே எரியக்கூடிய டைபாஸ்பேன் போன்ற பாஸ்பரஸ் சேர்மங்கள் திரி கொளுத்துகின்றனவோ என்ற ஊகம் நெடுங்காலமாக இருந்துவருகிறது.

எனக்கு வழி காட்டியது, ஜெர்மானியச் சதுப்பு ஒன்றில் கண்டதைப் பற்றி 1832இல் பிளெசன் என்ற ராணுவ அதிகாரி எழுதிய குறிப்பு. பகலில் குமிழிகள் கிளம்பிய அதே இடங்களில் இரவில் நீலஊதாச் சுடர்களைக் கண்ட அவர், நெருங்க நெருங்க அவை பின்வாங்குவதையும் கவனித்திருக்கிறார். பயணிகளை ஆசை காட்டிப் புதைசேற்றுக்கு இழுத்துச் செல்லும் பிசாசு என்ற கதை எங்கிருந்து முளைத்திருக்கும் என்பது இதைப் படித்தபோது புரிந்தது. துளங்கியின் முதல் விதியும் கூடவே கிடைத்தது. அதற்கு எடை கிடையாது. மனிதன் அதை நோக்கி நடந்தால், அவன் உடல் தள்ளும் காற்றே அதையும் தள்ளிக்கொண்டு போகிறது. துரத்துகிறவன் தன் வேகத்தாலேயே அதைத் தூர விரட்டியபடி, தானாகச் சேற்றுக்குள் போய் இறங்குகிறான். துளங்கிக்கு அதில் எந்தப் பகையும் இல்லை.

கோரை அறுக்கும் பெண்களுக்கு மட்டும் இந்தச் சூட்சுமம் தெரியும். நாவலில் பத்து வயதுச் சிறுமிக்குப் பாட்டி இதைக் கற்றுக்கொடுக்கிறாள். முந்தானையால் வாயையும் மூக்கையும் மூடிக்கொண்டு, அறுப்பரிவாளை இடுப்பில் செருகிக்கொண்டு, முழங்கால் நீரில் கால் எடுப்பதே தெரியாதபடி பின்பக்கமாக நடக்க வேண்டும். உடல் விலகிய இடத்தை நிரப்ப வரும் காற்றோடு துளங்கியும் மிதந்து வரும். சிறுமிக்குத் தும்மல் வந்துவிடுகிறது. அவ்வளவுதான், வெளிச்சம் மூன்று பாகம் தள்ளிப் போய் நிற்கிறது. "போச்சு போ, இனி விடியிற வரைக்கும் கிட்ட வராதுடி" என்று பாட்டி அலுத்துக்கொள்கிறாள். இந்த ஒரு காட்சியைத்தான் நான் மிகவும் ரசித்து எழுதினேன்.

இரண்டாம் விதி பசி. சேற்றில் மட்கும் கோரையிலிருந்து கிளம்பும் குமிழியே அதன் உணவு. சேறு காய்ந்தால் துளங்கி சாகும். எனவே, சதுப்பை வடித்து வயலாக்க அரசன் கால்வாய் வெட்டும்போது, படையெடுக்காமலேயே ஓர் இனத்தை அழிக்கிறான். இங்கிலாந்தின் ஃபென்ஸ் சதுப்புகளை 17ஆம் நூற்றாண்டில் வடித்து வேளாண் நிலமாக்கிய வரலாறு இப்பகுதிக்கு எனக்குப் பெரிதும் கைகொடுத்தது.

கைப்பிரதியைப் படித்த நண்பர்கள் இருவரும் துளங்கியைப் பேசவைக்கச் சொல்கிறார்கள். அரசனிடம் அது ஒருமுறையாவது முறையிட வேண்டுமாம். பேச்சுக்குக் காற்றைத் தள்ள வேண்டும். காற்றால் தள்ளப்படும் ஒன்றால் அது ஆகாது. ஆகவே அதன் வழக்கை அந்தப் பாட்டிதான் அரசவையில் எடுத்துரைக்கப் போகிறாள், அதுவும் கோரைப்பாய் வரியைக் குறைக்கச் சொல்லிப் போன இடத்தில்.