கேத்தியில் மேகம் இறங்கும் நேரம்

என் படங்களில் ஷாட்டுகள் நீளமாக இருப்பதைப் பார்த்துவிட்டு, அதுதான் என் பாணி என்று நண்பர்கள் பாராட்டுவதுண்டு. மறுக்கக் கூச்சமாக இருக்கும். உண்மையில் அது நீலகிரியின் கேத்திப் பள்ளத்தாக்கின் பனிமூட்டத்திடம் பட்ட அடியால் வந்த பழக்கம்.

முதல் குறும்படத்தில், தேயிலைத் தோட்டத்து வரப்பில் தாயும் மகனும் பேசும் காட்சியை ஆறு ஷாட்டுகளாகப் பிரித்திருந்தேன். தாயின் குளோசப்பை முடித்துக் கேமராவை மகன் பக்கம் திருப்புவதற்குள் பள்ளத்திலிருந்து மேகம் ஏறிவிட்டது. தாய்க்குப் பின்னால் தெளிவான மலை, மகனுக்குப் பின்னால் சுண்ணாம்புச் சுவர் போன்ற வெண்மை. மூன்று மணி வரை காத்திருந்தும் விலகவில்லை. எடிட்டிங்கில் இரண்டையும் ஒட்டிப் பார்த்தால், இருவரும் வெவ்வேறு நாளில் பேசிக்கொண்டது போலிருந்தது.

மறுவாரம் அதே காட்சியை ஒரே ஷாட்டில் எடுத்தேன். பாதியில் மேகம் வந்தது. தாயாக நடித்த அக்கா, நான் சொல்லாமலே முந்தானையை இழுத்துத் தலையை மூடிக்கொண்டு வசனத்தைத் தொடர்ந்தார். படத்தில் எனக்குப் பிடித்த இடம் அதுதான். இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் வேறு வேறு ஆளாக இருந்திருந்தால், ஷாட்டை நிறுத்துவதா வேண்டாமா என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதற்குள் அது கைநழுவியிருக்கும். 1982-இல் 'மூன்றாம் பிறை'யை இயக்கி, தானே ஒளிப்பதிவும் செய்து, அதற்குத் தேசிய விருதும் பெற்ற பாலு மகேந்திரா, அதன் இறுதிக் காட்சியை எடுத்த கேத்தி ரயில் நிலையத்தைக் கடக்கும்போதெல்லாம் இதைத்தான் நினைத்துக்கொள்வேன்.

மேகத்துக்குள், ஒளியை அளக்கும் லைட் மீட்டரை அப்படியே நம்பக் கூடாது. அது வெண்மையையும் நடுத்தரச் சாம்பலாகவே எடுத்துக்கொள்வதால், அது சொல்கிற அளவில் வைத்தால் காட்சி மங்கிப்போகும். நான் லென்ஸை ஒரு ஸ்டாப் கூடுதலாக, அதாவது இரு மடங்கு ஒளி உள்ளே வரும்படி, திறந்துவிடுவேன். குளிரிலிருந்து வீட்டுக்குள் வந்ததும் கேமராப் பையைத் திறப்பதும் தவறு. ஆர்வக் கோளாறில் ஒருமுறை திறந்து, லென்ஸ் முழுக்க நீர் படிந்து, அரை நாளை இழந்திருக்கிறேன்.

சோறு போடுவது என்னவோ கல்யாண வீடியோக்கள்தான். ஆவணி முகூர்த்தங்களில் குன்னூரிலும் கோத்தகிரியிலுமாக மூன்று கல்யாணங்கள் இருக்கின்றன. அந்தப் பணம் கைக்கு வந்தால், ஐப்பசி மேகத்தில் அடுத்த படத்தின் முதல் ஷாட்டை வைத்துவிடலாம்.