தெருவும் பட்டியலும்: ஒரு வார்டு தேர்தல் நாட்குறிப்பு

2022 ஜனவரி 26, புதன்

எங்கள் மதுரை மாநகராட்சிக்கும் தேர்தல் என்று சாயங்காலம் டிவியில் அறிவித்துவிட்டார்கள். பிப்ரவரி 19 வாக்குப்பதிவு, 22 எண்ணிக்கை. நாங்கள் கடைசியாகக் கவுன்சிலருக்கு ஓட்டுப் போட்டது 2011 அக்டோபரில். 2016-ல் வேட்புமனு எல்லாம் வாங்கி முடித்த மறுநாள் உயர் நீதிமன்றம் தேர்தல் அறிவிப்பை ரத்து செய்தது. அந்த மாதமே பழைய மாமன்றத்தின் காலமும் முடிந்தது. அன்றிலிருந்து மாநகராட்சியில் அரசு நியமித்த தனி அலுவலர் ஆட்சிதான். சாக்கடை பொங்கினால் யார் வீட்டுக் கதவைத் தட்டுவது என்று தெரியாமலே ஐந்து வருஷத்துக்கு மேல் ஓட்டிவிட்டோம்.

ராத்திரி அக்கா மகள் வந்தாள். கீழவாசல் பக்கம் வீட்டிலேயே ஜாக்கெட் தைத்துக் கொடுக்கிறாள். வயது 29. "மாமா, நம்ம வார்டு பெண்களுக்குன்னு வந்திருக்கு. நான் நிக்கட்டுமா?" என்றாள். எந்தக் கட்சி என்று கேட்டேன். கட்சி இல்லை, சுயேச்சை என்றாள். நில்லு தாயி என்றேன்.

ஜனவரி 28, வெள்ளி

இன்றிலிருந்து மனுத் தாக்கல். டெபாசிட் 4,000 ரூபாய். அவள் தையல் காசில் சேர்த்து வைத்திருந்த நோட்டுகள். முன்மொழிந்து கையெழுத்துப் போட்டவன் நான்.

ஜனவரி 30, ஞாயிறு

காலையிலிருந்து வாக்காளர் பட்டியலோடு உட்கார்ந்திருக்கிறேன். இந்தத் தெருக்களில் முப்பது வருஷத்துக்கு மேல் தபால் கொடுத்தவன் நான். ஒரு பெயரைப் படித்தால் அந்த வீட்டின் திண்ணை ஞாபகம் வரும், யார் கதவைத் திறந்து வந்து வாங்குவார்கள் என்பது ஞாபகம் வரும். அதனால்தான் இன்று நெஞ்சு கனத்துவிட்டது.

எங்கள் சந்துப் பக்கத்தை மட்டும் முதலில் எடுத்தேன். பட்டியலில் 41 பெயர். ஒவ்வொன்றாகப் பென்சிலால் குறித்தேன். இன்றைக்கும் இங்கே குடியிருப்பவர்கள் 17 பேர். ஆறு பேர் இறந்துவிட்டார்கள். அதில் ஒருவருக்கு நானே பாடை தூக்கியிருக்கிறேன். மற்ற 18 பேரும் வீடு மாறிப் போனவர்கள். ஒரே கதவு எண்ணில் ஒன்பது பெயர் இருக்கிறது. அந்த வீட்டை இடித்து நாலு வருஷம் ஆகிறது. இப்போது அங்கே பாத்திரக்கடை குடோன், இரும்பு ஷட்டர்.

தபாலில் ஆள் இல்லாவிட்டால் உறையின் மேல் எழுதித் திருப்பி அனுப்புவோம்: வீடு மாறிவிட்டார், இறந்துவிட்டார், கதவு பூட்டியிருக்கிறது. இந்தப் பட்டியலில் அப்படி எழுத வேண்டியதை வருஷக்கணக்காக யாருமே எழுதவில்லை.

பிப்ரவரி 2, புதன்

ஏன் இப்படி ஆனது என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன். 1991 கணக்கெடுப்பில் மதுரை மாநகராட்சியின் மக்கள்தொகை சுமார் 9.4 லட்சம். 2001-ல் அது கூடவில்லை, 9.3 லட்சத்துக்குள் இறங்கியது. 2011-ல் பழைய எல்லைக்குள் 10,17,865 பேர். அவனியாபுரம், ஆனையூர், திருப்பரங்குன்றம், விளாங்குடி போன்ற ஊர்களைச் சேர்த்து 72 வார்டை 100 ஆக்கிய பிறகு 14.7 லட்சத்துக்குப் போனது. அதாவது ஒரு கவுன்சிலருக்குச் சராசரியாகப் பதினான்காயிரத்துச் சொச்சம் ஜனம்.

1991-லிருந்து 2001 வரை நின்றுபோன வளர்ச்சியை நான் சைக்கிளில் போகும்போதே கண்டிருக்கிறேன். மாசி வீதிகளுக்குள்ளும் அதைச் சுற்றியும் வாடகை ஏறியது. கீழ்த்தளம் கடையானது, மாடி குடோனானது. பந்தடித் தெருக்களில் தறிச்சத்தம் கேட்டபடி தபால் கொடுத்த காலம் உண்டு. தறி ஒவ்வொன்றாக நின்றதும் சௌராஷ்டிரக் குடும்பங்கள் பலவும் வண்டியூர், அனுப்பானடி பக்கம் சொந்த வீடு கட்டிப் போய்விட்டன. நல்ல காற்று, வாசலில் வண்டி நிறுத்த இடம். போனது தப்பே இல்லை. ஆனால் ஓட்டு மட்டும் இங்கேயே நின்றுவிட்டது.

காலியான வீட்டில் வேறு ஆட்கள் வந்தார்கள். ராமநாதபுரம், சிவகங்கைப் பக்கத்திலிருந்து ஜவுளிக்கடை வேலைக்கு வந்தவர்கள், நகைப் பட்டறைக்கு வந்த வங்காளப் பையன்கள். இவர்கள் யாரும் பட்டியலில் இல்லை.

இதில் இன்னொன்றும் இருக்கிறது. இப்போதைய வார்டு எல்லை, எந்த வார்டு பட்டியல் சாதியினருக்கு என்ற ஒதுக்கீடு, எல்லாமே 2011 தலைக்கணக்கை வைத்துத்தான். 2021-ல் எடுக்க வேண்டிய கணக்கு கொரோனாவில் தள்ளிப்போய்விட்டது. பதினொரு வருஷத்துக்கு முந்தைய தெருவுக்கு இன்றைக்குப் பிரதிநிதியைத் தேர்ந்தெடுக்கிறோம்.

பிப்ரவரி 7, திங்கள்

சின்னம் ஒதுக்கினார்கள். அவள் முதலில் கேட்ட சின்னத்தை இன்னொருவரும் கேட்டதால் குலுக்கல் போட்டார்கள், கிடைக்கவில்லை. இரண்டாவதாகக் கேட்டதுதான் கிடைத்தது. பரவாயில்லை.

பிப்ரவரி 12, சனி

வீடு வீடாகப் போனோம். வெயில் இப்போதே சுள்ளென்று அடிக்கிறது.

ஒரு வளவு வீடு. உள்ளே ஏழு குடித்தனம், நடுவில் ஒரே ஒரு அடிகுழாய். அங்கே பரமக்குடிக்காரப் பெண் ஒருத்தி துணி அலசிக்கொண்டிருந்தாள். ஆறு வருஷமாக இங்கே இருக்கிறாள். பிள்ளைகள் இரண்டும் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் படிக்கிறார்கள். அக்கா மகள் நோட்டீஸ் கொடுத்ததும், "எங்களுக்கு ஓட்டு ஊர்லதான் இருக்கு" என்று திருப்பிக் கொடுத்தாள். ஏன் மாற்றவில்லை என்று கேட்டேன். "வீட்டுக்காரர் விலாசத்துக்குப் பேப்பர் தர மாட்டேங்கிறார்ண்ணே. பேர் ஏறிட்டா வீட்டைக் காலி பண்ண மாட்டோம்னு பயப்படுறார்" என்றாள். வாடகை ஒப்பந்தம் கிடையாது, கேஸ் இணைப்பும் வீட்டுக்காரர் பெயரில். முகவரிச் சான்றுக்கு அவள் எங்கே போவாள்?

அந்த நோட்டீஸை அவளிடமே வைத்துக்கொள்ளச் சொன்னாள் அக்கா மகள். பின்னால் தன் செல் நம்பரை எழுதிக் கொடுத்தாள். "ஓட்டு இல்லாட்டியும் தண்ணி வரலைன்னா கூப்பிடுங்கக்கா." இவள் ஜெயித்தாலும் தோற்றாலும் இதை நான் மறக்க மாட்டேன்.

வேறு வேட்பாளர்கள் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு, பெயர் இருக்கும் கதவை மட்டும் தட்டிக்கொண்டு போனார்கள். வளவுக்குள் யாரும் நுழையவில்லை. ஓட்டு இல்லாத இடத்துக்குக் குழாய் வருவதில்லை என்று நான் இத்தனை வருஷம் நினைத்திருந்தது சரிதான் என்று கண்முன்னே தெரிந்தது.

பிப்ரவரி 18, வெள்ளி

பிரசாரம் நேற்றோடு ஓய்ந்தது. பூத் ஏஜென்ட் நான்தான். இரண்டு பேனா, அடிக்கோல், பட்டியல், தண்ணீர் பாட்டில், மாஸ்க் எடுத்து வைத்துவிட்டேன்.

பிப்ரவரி 19, சனி

விடியுமுன் போனேன். மாதிரி வாக்குப்பதிவு நடத்திக் காட்டி, அதை அழித்துவிட்டு, இயந்திரத்துக்கு முத்திரை வைத்தார்கள். ஏழு மணிக்குத் தொடங்கியது. ஏஜென்ட் பெஞ்சு பள்ளிக்கூடப் பிள்ளைகளுடையது, முழங்கால் இடிக்கிறது. அதிகாரி வரிசை எண்ணையும் பெயரையும் உரக்கப் படிப்பார். நாங்கள் அடிக்கோலை வைத்து அந்தப் பெயரின் மேல் கோடு போடுவோம். நாள் முழுக்க இதுதான் வேலை.

பத்து மணி வரை வந்தவர்கள் சந்துக்காரர்கள். அப்புறம் ஆட்டோக்கள் வந்தன. வண்டியூரிலிருந்து, அவனியாபுரத்திலிருந்து, திருநகரிலிருந்து. இறங்கியவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக் கையைப் பிடித்துக்கொண்டார்கள். திருவிழாவுக்கு ஊர் திரும்பினவர்கள் மாதிரி இருந்தது. எண்பதைத் தாண்டிய ஒரு அம்மா பேரன் தோளைப் பிடித்தபடி வந்தார். பெயர் படித்ததும் நான் தலை நிமிர்ந்தேன். மாஸ்க்கோடு இருந்தும் என்னைக் கண்டுகொண்டார். "தபாலய்யா, நல்லா இருக்கீகளா? எங்க வீடு இருந்த இடத்தைப் பார்த்துட்டுத்தான் வர்றேன்" என்றார். குடோன் ஆகிப்போன அந்த வீட்டின் ஒன்பது பெயரில் ஒருவர். ஷட்டர் முன்னால் நின்று பார்த்துவிட்டு வந்து ஓட்டுப் போடுகிறார். கோடு போடும்போது என் கை நடுங்கியது. பட்டியல் பிழை என்று நான் எழுதிவைத்த பெயர் அது. அவருக்கோ இந்தத் தெருவோடு மிஞ்சியிருக்கும் ஒரே உறவு அதுதான்.

ஆனாலும் என் எண்ணம் மாறவில்லை. அவர் வீட்டுக்குத் தண்ணீர் விடுவது வண்டியூர்க் கவுன்சிலர் கவனிக்க வேண்டிய வேலை. அவர் ஓட்டு அங்கே இருந்தால்தான் அவருக்கும் நல்லது. வளவு வீட்டுப் பெண்ணுக்கும் அதே நியாயம்தான்.

மத்தியானம் அந்தப் பெண் பிள்ளைகளோடு பள்ளி வாசலைத் தாண்டிப் போவது ஜன்னல் வழியாகத் தெரிந்தது. வரிசையைப் பார்த்தபடியே நடந்து போனாள்.

ஐந்திலிருந்து ஆறு வரை கொரோனா நோயாளிகளுக்கு ஒதுக்கிய நேரம். எங்கள் பூத்துக்கு யாரும் வரவில்லை. முடிந்ததும் என் சந்துப் பக்கத்தை எண்ணினேன். 41-ல் 24 கோடு. அதில் ஒன்பது பேர் வெளியிலிருந்து வந்தவர்கள்.

பிப்ரவரி 22, செவ்வாய்

தோற்றோம். மூன்றாம் இடம். நூறு வார்டில் 67 திமுக, 15 அதிமுக. சுயேச்சைகள் நாலு பேர் ஜெயித்திருக்கிறார்கள், அதில் இவள் இல்லை. வீட்டுக்கு வந்ததும் மிஷினில் உட்கார்ந்து, பாக்கி வைத்திருந்த ஜாக்கெட்டுக்குக் கொக்கி வைத்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். "மாமா, ஓட்டு இல்லாதவங்க எத்தனை பேர்னு எழுதி வச்சிருக்கீங்களா?" என்றாள். வைத்திருக்கிறேன் என்றேன்.

மார்ச் 4, வெள்ளி

இந்திராணி பொன்வசந்த் மேயராகத் தேர்வு. மேயரை நாங்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்தது 2011-ல். இந்த முறை கவுன்சிலர்கள் கூடித் தேர்ந்தெடுத்தார்கள். மேயர் பதவி மதுரையில் பெண்களுக்கு ஒதுக்கியது, வார்டுகளிலும் பாதி பெண்கள். மாமன்றத்தில் இத்தனை பெண்கள் உட்காருவதைப் பார்க்க எனக்குச் சந்தோஷம்தான். அவர்களே பேச வேண்டும், வீட்டுக்காரர் பேசக் கூடாது.

மார்ச் 6, ஞாயிறு

அக்கா மகளும் நானும் வளவு வீட்டுக்குப் போனோம். கையில் பட்டியலில் பெயர் சேர்க்கும் 6-ம் எண் படிவம் இருபது. வீட்டுக்காரரை முதலில் பார்த்துப் பேசினேன். எனக்குத் தெரிந்தவர்தான், அவர் அப்பாவுக்கு நான் பென்ஷன் மணியார்டர் கொடுத்திருக்கிறேன். ஓட்டு இருப்பதால் வீட்டில் எந்தப் பாத்தியதையும் வந்துவிடாது என்று பொறுமையாகச் சொன்னேன். அரைமனதாக வாடகை ஒப்பந்தம் எழுதச் சம்மதித்தார், ஒரு குடித்தனத்துக்கு மட்டும். முதலில் அதைப் பார்ப்போம் என்றார்.

மாடியில் பட்டறைப் பையன் ஒருவன் இருக்கிறான், வங்காளத்துக்காரன். எட்டு வருஷத்தில் தமிழ் நன்றாகப் பேசுகிறான். படிவத்தைக் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "வேண்டாம் ஐயா. ஊரில் அம்மா இருக்காங்க. ஓட்டு அங்கே இருந்தாத்தான் அந்த ஊர்க்காரன்" என்றான். வற்புறுத்தவில்லை.

கீழே பரமக்குடிப் பெண் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வந்து படிவத்தை வாங்கினாள். கதவு எண் என்ற இடத்தில் என்ன எழுத வேண்டும் என்று கேட்டாள். நான் சொல்லச் சொல்ல எழுதினாள். பழைய எண், கோடு, புதிய எண். அடுத்த கட்டத்தில் தெருவின் பெயரை அவளே எழுதினாள்.

இறந்துபோன ஆறு பேருக்கு, பெயர் நீக்கும் 7-ம் எண் படிவம் நாளைக்கு.