1909: மெல்பர்ன் மேடையில் ஒரு படையெடுப்பு

ஆஸ்திரேலிய எழுத்தாளர் ராண்டால்ஃப் பெட்ஃபோர்டின் 'ஒயிட் ஆஸ்திரேலியா அல்லது தி எம்ப்டி நார்த்' நாடகம் 1909இல் மெல்பர்ன் கிங்ஸ் தியேட்டரில் மேடையேறியது. ஆஸ்திரேலியாவின் ஆளில்லாத வடக்கை ஜப்பான் பிடித்துவிடும் என்ற பயம்தான் கதை. அப்பட்டமான இனவெறி, அதை மழுப்பி வாசிக்கக் கூடாது.

இது போன்ற அக்கால மெலோடிராமாக்களில், அதாவது உணர்ச்சி மிகுந்த பரபரப்பு நாடகங்களில், ஒற்றன் பதுங்கும் இரவுக் காட்சிக்கு உயிர் கொடுத்தது லைம்லைட் என்ற மேடை விளக்கு. ஆக்சிஜன், ஹைட்ரஜன் சுடர் சுண்ணாம்பு உருளையில் பாய, அது வெண்மையாக ஒளிரும். ஒரே இடத்தில் சுடர் பட்டால் குழி விழும். குழியில் பட்டுத் திரும்பும் சுடர் விளக்கின் லென்ஸை உடைத்துவிடும். அதனால் விளக்காள் உருளையை அவ்வப்போது திருப்பிக்கொண்டே இருக்க வேண்டும். முதலில் ஹைட்ரஜன் சுடரில் மெல்லச் சூடாக்கி, பிறகே ஆக்சிஜனைத் திறப்பார்கள். அவசரப்பட்டால் உருளை வெடிப்பு விடும். ஈரம் பட்டால் பொடிந்துபோகும் என்பதால் காற்றுப் புகாத டப்பாவில்தான் வைப்பார்கள். நிலவொளிக்கு விளக்கின் முன் நீல ஜெலட்டின் தாள்; மற்ற விளக்குகளைத் தணித்தால்தான் அது எடுபடும்.