அட்டையை விரித்தால் தெரியும் ஆள்

2010 பிப்ரவரியில் நியூஜெர்சி எடிசனில் வந்து இறங்கினோம். வாசலில் முழங்கால் அளவு பனி. கணவருக்கு வேலை விசா, எனக்கு அவர் மனைவி என்ற முறையில் எச்-4 விசா. அந்த விசாவில் வந்தவர்கள் அப்போது வேலைக்குப் போக முடியாது. மதுரையில் எட்டு வருஷம் வங்கி கவுன்டரில் உட்கார்ந்தவள், இங்கே ஜன்னலோரம் உட்கார்ந்தேன். ஓக் ட்ரீ ரோடு போனால் இட்லி அரிசியும் முருங்கைக்காயும் கிடைத்துவிடும். பேச ஆள் கிடைக்காது.

கீழ்வீட்டில் ஓய்வுபெற்ற பஸ் டிரைவர் ஒருவர் தனியாக இருந்தார். ஞாயிறு காலையில் அவர் வீட்டிலிருந்து சாக்ஸபோன் கேட்கும். எனக்குத் தெரிந்த சாக்ஸபோன் கத்ரி கோபால்நாத்துடையது. 'டூயட்' படத்தில் கேட்டு உருகியது. இது வேறு மாதிரி. ஊர்த் திருவிழாவில் நாகஸ்வரக்காரர் தம் பிடித்து ஒரே சுரத்தில் நிற்பாரே, அப்படி நின்றது. ஒரு நாள் கதவைத் தட்டிக் கேட்டேவிட்டேன், யார் வாசிப்பது என்று.

1975-ல் வந்த 'பார்ன் டு ரன்' இசைத்தட்டைக் கையில் கொடுத்தார். முன் அட்டையில் கிதாரோடு நியூஜெர்சி ராக் பாடகர் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீன், யார் தோளிலோ சாய்ந்து சிரிக்கிறார். அட்டையை விரித்தால்தான் அந்தத் தோள் யாருடையது என்று தெரிகிறது. தொப்பி வைத்த, மலை போன்ற கறுப்பினக் கலைஞர், வாயில் சாக்ஸபோன். கிளாரன்ஸ் கிளெமன்ஸ். இந்த ஊர்க்காரர்களுக்கு 'பிக் மேன்'.

அவரும் இங்கே வந்து சேர்ந்தவர்தான். 1942-ல் வர்ஜீனியாவில் பிறந்தவர், அப்பாவுக்கு மீன்கடை. ஒன்பது வயதில் கிறிஸ்துமஸுக்கு ரயில் பொம்மை கேட்ட பையனுக்கு அப்பா சாக்ஸபோன் வாங்கித் தந்தார். வளர்ந்து அமெரிக்க ஃபுட்பால் ஆடினார், கார் விபத்தில் அது போயிற்று. எங்கள் வீட்டிலிருந்து அரை மணி தூரத்தில் இருக்கும் ஜேம்ஸ்பர்க் சீர்திருத்தப் பள்ளியில் எட்டு வருஷம் பையன்களுக்கு ஆலோசகர் வேலை. இரவில் பார்களில் வாசிப்பு. 1971-ல் புயல் அடித்த ஒரு ராத்திரி, நியூஜெர்சியின் கடலோர ஊரான ஆஸ்பரி பார்க்கில் ஸ்பிரிங்ஸ்டீன் பாடிக்கொண்டிருந்த இடத்துக்குப் போய்க் கதவைத் திறந்தாராம், காற்றில் கதவே பிய்த்துக்கொண்டு போய்விட்டதாம். அவரே வாய் நிறையச் சொல்லிவந்த கதை.

நாங்கள் வந்த வருஷக் கோடையில் ஆஸ்பரி பார்க்குக்கு நான் தனியாகவே போனேன். ராவேயில் ஒரு முறை, லாங் பிராஞ்சில் ஒரு முறை ரயில் மாற வேண்டும். இந்த நாட்டில் யார் துணையும் இல்லாமல் போன முதல் பயணம் அது. பலகை நடைபாதையில் உட்கார்ந்து புளியோதரை சாப்பிட்டுவிட்டுத் திரும்பினேன்.

கிளாரன்ஸ் நடிக்கவும் செய்தார். இயக்குநர் ஸ்கார்செஸியின் 'நியூயார்க், நியூயார்க்' படத்தில் டிரம்பெட் வாசிப்பவராக வருவார். எனக்குப் பிடித்தது 'தி வயர்' தொடரில் வந்த சின்ன வேடம். பால்டிமோரில் இளைஞர்களுக்காகப் பாடுபடுகிறவர். ஜேம்ஸ்பர்க்கில் செய்த வேலைக்குப் பக்கத்து வேலை அல்லவா, நடிப்பாகவே எனக்குத் தோன்றவில்லை. ஆனாலும் எல்லாவற்றுக்கும் மேல் 'பார்ன் டு ரன்' இசைத்தட்டில் வரும் 'ஜங்கிள்லேண்ட்' பாட்டுதான். இரண்டு நிமிஷத்துக்கு மேல் போகும் அந்த வாசிப்பைப் பதிவு செய்ய பதினாறு மணி நேரம் ஆனது. சரியாக வரும்வரை ஒவ்வொரு சுரமாகத் திரும்பத் திரும்ப ஊதியிருக்கிறார். பாட்டின் நடுவே அது எழும்பும்போது கீழ்வீட்டுப் பெரியவர் பேச்சை நிறுத்திவிடுவார்.

2011 ஜூன் 18, சனிக்கிழமை கிளாரன்ஸ் இறந்துபோனார். பக்கவாதம், 69 வயது. பிறகு கவர்னர் உத்தரவில் நியூஜெர்சி அரசுக் கட்டடங்களில் கொடி அரைக்கம்பத்தில் பறந்தது. ஒரு வாத்தியக்காரருக்காகக் கொடியை இறக்கிய ஊர்மேல் எனக்கு அன்றுதான் பாசம் வந்தது.

கிளாரன்ஸ் இறந்த மறுநாள் ஞாயிறு, கீழிருந்து சத்தமே வரவில்லை. எங்கள் பக்கம் துக்க வீட்டில் அடுப்பு எரியாது, அக்கம்பக்கத்தார்தான் சமைத்துக் கொண்டுபோவார்கள். தயிர்சாதம் பிசைந்து தூக்கில் எடுத்துக்கொண்டு கீழே போனேன். ஒன்றும் கேட்காமல் வாங்கிக்கொண்டார். இரண்டு வாய் சாப்பிட்டபின் எழுந்து போய் இசைத்தட்டைச் சுழல விட்டார். அந்த இடம் வந்ததும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். முடியும்வரை நானும் எதிரே உட்கார்ந்திருந்தேன்.