ஏழாம் நாள் எடை

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் எங்கள் வீட்டின் முன்கட்டு கொலுசுப் பட்டறை, பின்கட்டு குடித்தனம். பட்டறைக் கணக்கு 14 ஆண்டுகளாக என் கையில் இருக்கிறது. காலையில் யாருக்கு எத்தனை கிராம் வெள்ளி கொடுத்தோம், மாலையில் எத்தனை கிராம் திரும்பி வந்தது, நடுவில் போன சேதாரம் எவ்வளவு என்று மூன்று கட்டம் போட்ட நோட்டு அது. கம்பி இழுக்கும்போது கொஞ்சம், வளையம் வெட்டும்போது கொஞ்சம், மெருகு போடும்போது கொஞ்சம் என்று வெள்ளி குறைந்துகொண்டேதான் வரும். தரையைக் கூட்டிய தூசியைக்கூட டின்னில் சேர்த்து வைப்போம். அதிலும் வெள்ளி இருக்கிறது.

போன ஆண்டு ஜூலையில், மத்திய அரசின் இணையவழிப் படிப்புத் தளமான ஸ்வயத்தில் செலவுக் கணக்கியல் படிக்கச் சேர்ந்தேன். ஐஐடிகளும் பெங்களூரு இந்திய அறிவியல் கழகமும் சேர்ந்து நடத்தும் என்பிடெல் பாடம். மொத்தம் 12 வாரம். வாரத்துக்கு அரை மணி நேர வீடியோ ஐந்து. படிக்கக் கட்டணம் கிடையாது. சான்றிதழ் வேண்டுமென்றால் பணம் கட்டி, தேர்வு மையத்துக்கு நேரில் போய் எழுத வேண்டும். வாராந்தர ஒப்படைப்புகளில் சிறந்த எட்டை எடுத்து 25 மதிப்பெண், தேர்வுக்கு 75.

ஒப்படைப்பில் 25-க்கு 23 வாங்கினேன். அக்டோபர் தேர்வில் 75-க்கு 24. தேறுவதற்கு 30 வேண்டும்.

அந்தத் தேர்வில் வந்த ஒரு கணக்கை இன்னும் மறக்கவில்லை. ஒரு செய்முறைக்குள் 1,000 கிலோ பொருள் போகிறது. இயல்பான இழப்பு, அதாவது வேலையில் தவிர்க்க முடியாத சேதாரம், 5 சதவீதம். வெளியே வந்தது 930 கிலோ. ஒரு கிலோவின் அடக்க விலை என்ன? இயல்பான இழப்பு போக 950 கிலோ வந்திருக்க வேண்டும். அதற்கு மேலும் குறைந்த 20 கிலோ அசாதாரண இழப்பு. அதைத் தனியாகப் பிரித்து லாப நட்டக் கணக்குக்குக் கொண்டுபோக வேண்டும். ஆகவே செலவை 950-ஆல் வகுக்க வேண்டும். நான் 930-ஆல் வகுத்தேன். அந்த வீடியோவை இரண்டு முறை பார்த்தவள் நான். பார்க்கும்போது ஒவ்வொரு வரிக்கும் தலையசைத்தேன். வெள்ளிச் சேதாரத்தோடு தினமும் புழங்குகிறவளுக்கு இதில் என்ன சந்தேகம் வரப்போகிறது என்று நினைத்துக்கொண்டு அடுத்த பாடத்துக்குப் போய்விட்டேன்.

வீட்டுக்கு வந்து தினசரி நாட்காட்டியைப் புரட்டினேன். படித்த நேரத்தை ஒவ்வொரு தாளின் மூலையிலும் எழுதியிருந்தேன். கூட்டினால் 71 மணி நேரம். கொடுத்த எடை மட்டும் எழுதி, திரும்பி வந்த எடையை எழுதாமல் விட்ட நோட்டு எப்படி இருக்குமோ அப்படி இருந்தது அந்த நாட்காட்டி. பட்டறையில் யாராவது அப்படி எழுதியிருந்தால் நோட்டைப் பிடுங்கியிருப்பேன்.

ஜனவரியில் அதே பாடத்தில் மறுபடி சேர்ந்தேன். இந்த முறை நான்கு கட்டம் போட்டேன்: நாள், செலவான நிமிடம், எழுதிவைத்த கேள்விகள், ஏழாம் நாள் விடை சொன்ன கேள்விகள். ஒரு வீடியோ முடிந்ததும் அதிலிருந்து பத்துக் கேள்விகளை எழுதி மூடிவைப்பேன். ஏழு நாள் கழித்து, எதையும் பார்க்காமல் வெறும் தாளில் விடை எழுதுவேன். சரியாக வந்தவற்றின் எண்ணிக்கையை, படித்த மணிக்கணக்கால் வகுத்தால் ஒரு மணி நேரப் படிப்பில் எத்தனை கேள்வி நின்றது என்று தெரிந்துவிடும்.

ஏன் ஏழு நாள் காத்திருக்க வேண்டும், அன்றைக்கே சோதித்துப் பார்த்தால் என்ன என்று என் கணவர் கேட்டார். அவருக்குப் பட்டறையில் நடப்பதையே சொன்னேன். மெருகு போட்ட கொலுசைப் பூந்திக்கொட்டைத் தண்ணீரில் கழுவி எடுத்த கையோடு தராசில் வைக்கக் கூடாது. சலங்கைக்குள்ளும் வளையத்துக்கு நடுவிலும் நிற்கும் தண்ணீரும் சேர்ந்து எடை காட்டும். காய்ந்த பிறகு வைத்தால்தான் வெள்ளியின் எடை. வீடியோ முடிந்த உடனே எல்லாம் தெரிந்ததுபோல் இருப்பதும் அந்த ஈரம்தான்.

இதை நான் மட்டும் சொல்லவில்லை. அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரிலுள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் ரோடிகர், கார்பிக்கே என்ற இரண்டு உளவியலாளர்கள் செய்த ஆய்வு 2006-இல் வெளியானது. மாணவர்களை ஒரு பகுதியைப் படிக்கச் சொன்னார்கள். ஒரு சாரார் அதையே மறுபடி படித்தார்கள். இன்னொரு சாரார் மூடிவைத்து நினைவிலிருந்து எழுதிப் பார்த்தார்கள். ஐந்து நிமிடம் கழித்துச் சோதித்தபோது மறுபடி படித்தவர்கள் 81 சதவீதம், எழுதிப் பார்த்தவர்கள் 75 சதவீதம். ஒரு வாரம் கழித்துச் சோதித்தபோது நிலைமை தலைகீழ்: மறுபடி படித்தவர்கள் 42, எழுதிப் பார்த்தவர்கள் 56. ஐந்தாம் நிமிடத்தில் மட்டும் எடை போட்டிருந்தால் தவறான முறைக்குப் பரிசு கொடுத்திருப்பார்கள். இந்த நான்கு எண்களையும் நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி ஒட்டியிருக்கிறேன்.

முதல் வாரம் பழைய பழக்கப்படியே படித்தேன். முன்னால் எப்படி இருந்தது என்று தெரிந்தால்தானே பின்னால் ஒப்பிட முடியும்? செலவான நேரம் 5 மணி 20 நிமிடம். 50 கேள்வியில் நின்றது 14. மணிக்கு மூன்று கேள்விகூட இல்லை. அந்த நேரம் எங்கே போயிற்று என்று பிரித்துப் பார்த்தேன். முதல் முறை பார்க்க 2 மணி 10 நிமிடம். இரண்டாம் முறை வேகத்தைக் கூட்டிப் பார்க்க 1 மணி 20 நிமிடம். மீதி 1 மணி 50 நிமிடமும் குறிப்பெழுதப் போயிருந்தது. திரையில் இருப்பதை நோட்டில் இறக்கி, தலைப்புக்குப் பச்சை மை, சூத்திரத்துக்குச் சிவப்பு மை என்று கோடு போட்ட நேரம். அழகான நோட்டு. என் மகள் பள்ளிக்கு எடுத்துப்போய்த் தோழிகளிடம் காட்டியிருக்கிறாள். ஆனால் அதில் இருந்த எதுவும் என்னிடம் இல்லை.

இரண்டாம் வாரம் வண்ணக் குறிப்பை நிறுத்தினேன். மூன்றாம் வாரம் இரண்டாம் முறை பார்ப்பதற்குப் பதிலாக, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை வீடியோவை நிறுத்தி, திரையை மூடி, கேட்டதை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். கணக்கு வந்தால் ஆசிரியர் போடுவதற்கு முன் நான் போட்டுப் பார்ப்பேன். ஒரு வாரத்துக்கு ஒரு மாற்றம் என்பதில் கண்டிப்பாக இருந்தேன். பட்டறையில் கம்பியையும் மாற்றி ஆளையும் ஒரே நாளில் மாற்றினால், சேதாரம் குறைந்தது எதனால் என்று யாருக்கும் தெரியாது.

ஐந்தாம் வாரம் எண்கள் கிடுகிடுவென்று ஏறின. 50-க்கு 43. மகளிடம் நோட்டைக் காட்டினேன். பத்தாம் வகுப்புப் படிக்கிறாள். கேள்விகளை ஒவ்வொன்றாகப் படித்துவிட்டு, "ஏனம்மா, எல்லாமே 'என்றால் என்ன' என்றே கேட்டிருக்கிறாய்? ஏன், எப்படி என்று ஒரு கேள்விகூட இல்லையே" என்றாள்.

அவள் சொன்னது உண்மை. எண் ஏற வேண்டும் என்ற ஆசையில் என்னை அறியாமலேயே கேள்வியைச் சுலபமாக்கிக்கொண்டே வந்திருக்கிறேன். தராசுத் தட்டில் விரல் வைத்ததற்குச் சமம். அன்றிலிருந்து கேள்வி எடுக்கும் வேலை அவளுடையது. பாடத்தின் எழுத்து வடிவத்தைத் தளத்திலிருந்து இறக்கிக் கொடுத்துவிடுவேன். அவள் பத்துக் கேள்வி எடுத்து மடித்துத் தருவாள். அவளுக்குப் பாடம் பாதிதான் புரியும். ஆனாலும் எண்களை மாற்றிப்போட்டுப் புதுக்கணக்காக்கத் தெரியும். அந்த வாரம் 50-க்கு 43 என்பது 22 ஆக இறங்கியது. அதுதான் சரியான எடை என்று எடுத்துக்கொண்டு மேலே போனேன். பத்தாம் வாரத்தில் 4 மணி நேரம் படித்து, அவள் எடுத்த 50 கேள்வியில் 31 நின்றது. மணிக்கு ஏறக்குறைய எட்டு.

இழப்பு பற்றிய பாடம் இரண்டாம் முறை வந்தபோது நோட்டின் ஓரத்தில் இரண்டு கட்டம் கூடுதலாகப் போட்டேன். மறதி இயல்பான இழப்பு. அது எல்லோருக்கும் உண்டு. ஜெர்மனியின் உளவியலாளர் எபிங்ஹாஸ் 1885-இல் வெளியிட்ட சோதனைகளில், பொருளில்லாத அசைகளைத் தானே மனப்பாடம் செய்து தன் மறதியைத் தானே அளந்தார். அளந்த விதம்தான் எனக்குப் பிடித்தது. எவ்வளவு ஞாபகம் இருக்கிறது என்று பார்க்காமல், மறுபடி மனப்பாடம் செய்ய எவ்வளவு நேரம் மிச்சமாகிறது என்று பார்த்தார். ஒரு நாள் கழிந்தபின் மிச்சம் மூன்றில் ஒரு பங்குதான். தன் மறதியை இவ்வளவு பொறுமையாக எழுதிவைத்தவரே இவ்வளவு இழந்திருக்கிறார் என்றால், எனக்கு ஒரு மாதத்து மறதியைப் பற்றி வருத்தப்பட ஒன்றுமில்லை.

கைப்பேசியால் போவது அசாதாரண இழப்பு. ஒரு நாள் காலை 40 நிமிடப் படிப்பில் கை அதற்குப் போன ஒவ்வொரு தடவையும் ஒரு கோடு போட்டேன். ஒன்பது கோடு. ஆர்டர் வந்திருக்குமோ என்ற நினைப்புதான். காலை ஐந்தரை மணிக்கு எந்தக் கடைக்காரர் கொலுசு கேட்கப்போகிறார்? கைப்பேசியைப் பீரோவில் எடைக்கற்கள் வைக்கும் தட்டில் வைத்துப் பூட்டினேன். சாவி அத்தையிடம். பாடம் மடிக்கணினியில் ஓடும். இந்த ஒரு மாற்றத்தில் மட்டும் வாரத்துக்கு 35 நிமிடம் குறைந்தது, நின்ற கேள்வி குறையவில்லை.

தப்பிய கேள்விகளுக்குக் காலிக் கொலுசுப் பெட்டிகள் நான்கு வைத்தேன். 1970-களில் அறிவியல் எழுத்தாளர் செபாஸ்டியன் லைட்னர் பரப்பிய முறை இது. விடை வந்த துண்டுச்சீட்டு அடுத்த பெட்டிக்கு நகரும், இன்னும் அதிக நாள் கழித்து எடுக்கப்படும். தவறிய சீட்டு முதல் பெட்டிக்கே திரும்பும். மார்ச்சில் நாத்தனார் மகளின் வளைகாப்புக்கு ஏற்காடு போனபோது முதல் பெட்டியிலிருந்து 20 சீட்டுகளைக் கைப்பையில் போட்டுக்கொண்டேன். மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள்; ஒவ்வொன்றுக்கும் எண் போட்ட பலகை உண்டு. நேர்ப்பாதையில் ஒரு சீட்டைப் பார்ப்பேன். பஸ் வளைவு திரும்பி முடிவதற்குள் விடையை வாய்க்குள் சொல்லிவிட வேண்டும். மகள் எலுமிச்சம்பழத்தை மூக்கருகே வைத்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தாள். பதினேழாம் வளைவில் வந்த சீட்டு அந்த 930 கணக்கு. "950, ஏனென்றால் இயல்பான இழப்பை நல்ல சரக்குச் சுமக்கிறது, அசாதாரண இழப்பு தன் சுமையைத் தானே சுமக்கிறது" என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன். முன்சீட்டு அம்மா திரும்பிப் பார்த்தார்கள். இறங்கும்போது கையில் தவறிய சீட்டுகள் ஏழு.

எதையெல்லாம் மாற்றியும் பயனில்லை என்பதையும் சொல்ல வேண்டும். வேகத்தை ஒன்றேகால் மடங்கு வைத்தாலும் ஒன்றரை மடங்கு வைத்தாலும் ஏழாம் நாள் எண்ணில் பெரிய வித்தியாசம் இல்லை. ஆகவே ஒன்றரையில் வைத்துக்கொண்டேன். இரவு ஒன்பதரைக்கு மேல் படித்தவற்றில் நின்றது மிகக் குறைவு. பட்டறைச் சத்தம் ஓய்ந்த நேரம்தான் படிப்புக்கு நல்லது என்று இத்தனை நாள் நம்பியிருந்தேன். பிற்பகல் மூன்று மணிக்கு, தட்டுச் சத்தத்துக்கு நடுவில் 25 நிமிடம் படித்தது அதைவிட நன்றாக நின்றது. இது எனக்கு, வேறொருவருக்கு வேறு மாதிரி வரலாம்.

ஏப்ரல் தேர்வில் 75-க்கு 58 வாங்கினேன். மொத்தம் படித்தது 52 மணி நேரம். முதல் முறையைவிட 19 மணி நேரம் குறைவு. ஏற்கெனவே ஒருமுறை படித்த பாடம் என்பதால் அந்த 19 மணி நேரத்தை முழுவதும் முறையின் கணக்கில் எழுத முடியாது. எபிங்ஹாஸ் சொன்ன மிச்சமும் அதில் கொஞ்சம் கலந்திருக்கிறது.

போன ஞாயிற்றுக்கிழமை, தேர்வு முடிந்து நான்கு மாதம் கழித்து, நோட்டைத் திறக்காமல் ஒரு செய்முறைக் கணக்கை முழுதாகப் போட்டேன். ஜனவரியில் அதே வகைக் கணக்குக்கு எனக்கு 22 நிமிடம் ஆகியிருந்தது. இப்போது 9 நிமிடம். அதில் நான்கு நிமிடம், இயல்பான இழப்பிலிருந்து கிடைக்கும் கழிவின் விற்பனைத் தொகையை வகுப்பதற்கு முன் செலவிலிருந்து கழிப்பதா, பின்னால் கழிப்பதா என்று யோசித்ததில் போயிற்று. முன்னால்தான் கழிக்க வேண்டும். எங்கள் தூசி டின்னை நினைத்துக்கொண்ட பிறகுதான் பிடிபட்டது. அந்தச் சீட்டு மட்டும் நான்காம் பெட்டியிலிருந்து முதல் பெட்டிக்கு வந்திருக்கிறது.